ஒரு கன்றுக்குட்டியும் ஒன்றரை மனிதர்களும்

கொஞ்சம் நீளமான பதிவு மக்களே. டீயோ காபியோ எடுத்துக்கிட்டு உட்காரவும். மொக்கை இல்லை, சீரியஸ் மேட்டர்.

நெய்வேலிக்காரங்களுக்கு 16-ம் வட்டம் நடராஜர் கோயிலைப் பற்றிச் சொல்லத் தேவையில்லை. மத்தவங்களுக்காக: அங்கே ஆளுயரத்தைத் தாண்டிய பெரிய ஐம்பொன் நடராஜர் இருக்கார். அதோட ஒரு ஆராய்ச்சி மணியும் மனுநீதி முறைப்பெட்டியும் உண்டு. குறை இருக்கிறவங்க காகிதத்தில் எழுதிப் பெட்டியில் போட்டு மணியை அடிப்பாங்க. சாமிகிட்ட நேரடியா பெட்டிஷன்.

அந்த மணி எங்கிருந்து வந்ததுன்னு தமிழ்நாட்டில் அஞ்சாங்கிளாஸ் பையனுக்கும் தெரியும். திருவாரூர். மனுநீதிச் சோழன். இளவரசன் தேர்ச்சக்கரத்தில் கன்று சிக்கிச் செத்தது, தாய்ப்பசு வந்து மணியை அடித்தது, ராஜா தன் ஒரே மகனைத் தேர்க்காலில் இட்டார். சிலப்பதிகாரத்தில் கண்ணகி பாண்டியன் முன்னாடி தன் ஊரைப் பற்றிச் சொல்லும்போது இந்தக் கதையைத்தான் சொல்கிறாள். 12-ம் நூற்றாண்டில் சேக்கிழார் பெரியபுராணத்தின் தொடக்கத்திலேயே இதை விரிவா வைக்கிறார்.

இதே கதை இன்னொரு புத்தகத்திலும் இருக்கு. மகாவம்சத்தில்!

ஆமாம், சிங்கள பௌத்தத்தின் மூல வரலாறு என்று கொண்டாடப்படும் அதே மகாவம்சம்தான். கி.பி. 5-6ம் நூற்றாண்டு வாக்கில் பாலி மொழியில் எழுதப்பட்டது. அதில் சோழ நாட்டிலிருந்து வந்து அனுராதபுரத்தை ஆண்ட எல்லாளன், படுக்கையின் தலைமாட்டில் மணி கட்டி வைத்திருந்தான். மகன் திஸ்ஸ வாவிக்குத் தேரில் போகும்போது கன்று ஒன்று சக்கரத்தில் அகப்பட்டது. பசு மணி அடித்தது. எல்லாளன் அதே சக்கரத்தால் மகன் தலையைத் துண்டித்தான். அவன் பௌத்தன் இல்லை, தவறான நம்பிக்கை உடையவன், ஆனாலும் நீதி தவறாதவன் என்று எழுதினவர் ஒரு பௌத்த பிக்கு.

இது வரைக்கும் அழகான கதை. ரெண்டு புத்தகத்திலும் இதற்குப் பிறகு வரும் பக்கங்கள்தான் பிரச்சினை. ரொம்ப நாளா மண்டைக்குள்ள குடைஞ்சுக்கிட்டு இருந்ததும் அதுதான்.

*

ஒன்றரை மனிதர்கள்

எல்லாளனை எதிர்த்துத் துட்டகைமுனு படையெடுக்கிறான். கி.மு. 2-ம் நூற்றாண்டு. ஈட்டியில் புத்தரின் புனித தாது. படையோடு பிக்குகளும் நடக்கிறார்கள். போர் முடிந்து எல்லாளன் விழுகிறான். துட்டகைமுனு அவனுக்கு மரியாதையா தகனம் செய்து, சமாதி கட்டி, வழிபாடும் நடக்க ஏற்பாடு செய்கிறான். இதையும் மகாவம்சமே சொல்கிறது.

வெற்றி பெற்ற ராஜாவுக்கு அரண்மனை மாடியில் நிம்மதி இல்லை. இத்தனை ஆயிரம் பேர் சாவுக்குக் காரணமாகிவிட்டோமே என்று மனம் உறுத்துகிறது. இதைத் தெரிந்துகொண்டு பியங்குதீவில் இருந்து எட்டு அரகந்தர்கள் வான்வழியாக வருகிறார்கள். அவர்கள் சொல்லும் சமாதானத்தின் சாரம்: நீ கொன்றது ஒன்றரை மனிதர்களை மட்டும்தான். ஒருவன் மும்மணிகளைச் சரணடைந்தவன். இன்னொருவன் ஐந்து சீலங்களையும் ஏற்றவன். மற்றவர்கள் எல்லாம் தவறான நம்பிக்கை உடையவர்கள், விலங்குக்குச் சமம். நீ சுவர்க்கம் போக இது தடையில்லை. கவலையை விடு.

எறும்புக்கும் தீங்கு செய்யாதே என்று சொன்ன மதத்தின் புத்தகத்தில் இப்படி ஒரு கணக்கு!

பொட்டி தட்டுறவனா எனக்கு உடனே தோணினது இதுதான். எண்ணுறதுக்கு முன்னாடியே ஃபில்டர் போட்டாச்சு. யார் மனுஷன் என்ற கண்டிஷனை முதலில் எழுதிட்டா, அப்புறம் எத்தனை ஆயிரம் ரெக்கார்டு உள்ளே போனாலும் வெளியே வருவது ஒன்றரைதான். கூட்டலில் தப்பே வராது.

இனப்படுகொலை ஆய்வில் இதற்குப் பெயரே இருக்கு. ஹெலன் ஃபைன் என்ற அமெரிக்க சமூகவியலாளர் 1979-ல் யூதப் படுகொலையைப் பற்றி எழுதிய புத்தகத்தில் ஒரு கருத்தை வைத்தார். ஒவ்வொரு சமூகமும் தன்னைச் சுற்றி ஒரு அறவட்டம் போட்டு வைத்திருக்கிறது. உள்ளே இருப்பவனுக்கு அடிபட்டால் நமக்குக் கடமை உண்டு, பழிவாங்கணும், நியாயம் கேட்கணும். வெளியே இருப்பவன் செத்தால் அது ஒரு செய்தி, அவ்வளவுதான். கொலைக்கு ரொம்ப முன்னாடியே, ஒரு கூட்டத்தை இந்த வட்டத்துக்கு வெளியே தள்ளும் வேலை நடந்துவிடுகிறது. அந்த வேலையை எட்டு அரகந்தர்களும் ஒரே பேச்சில் முடிக்கிறார்கள்.

பழங்கதைதானே, விடுங்க என்று சொல்ல முடியாது. 2017 ஆகஸ்டுக்குப் பிறகு மியான்மர் ராணுவத்திடமிருந்து தப்பி ஏழு லட்சத்துக்கும் மேற்பட்ட ரோஹிங்யா முஸ்லிம்கள் வங்கதேசத்துக்கு ஓடினார்கள். அந்த நேரத்தில், 2017 அக்டோபர் 30 அன்று, அந்த நாட்டின் மிகவும் மதிக்கப்பட்ட பிக்குகளில் ஒருவரான சிதகு சயாதோ, கயின் மாநிலத்தில் ராணுவ அதிகாரிகள் முன் உபதேசம் செய்தார். அவர் எடுத்துச் சொன்ன கதை துட்டகைமுனுவும் ஒன்றரை மனிதர்களும். இலங்கையில் எழுதின கதை 1500 வருஷம் கழித்து பர்மாவில் ராணுவச் சீருடைக்கு முன்னாடி வேலை செய்தது. 2019 நவம்பரில் காம்பியா நாடு மியான்மர் மீது சர்வதேச நீதிமன்றத்தில் இனப்படுகொலை வழக்குத் தொடுத்தது. 2020 ஜனவரியில் நீதிமன்றம் இடைக்கால உத்தரவு போட்டது.

*

தம்பையா போட்ட கேள்விக்குறி

இலங்கையில் இதை நேருக்கு நேராகக் கேட்டவர் ஸ்டான்லி ஜெயராஜா தம்பையா. 1929-ல் பிறந்த யாழ்ப்பாணத்துத் தமிழ்க் கிறிஸ்தவர். மானிடவியலாளர். 1956-ல் மாணவர்களோடு கல்லோயாவில் ஆய்வுக்குப் போயிருந்தபோது கண்முன்னே தமிழருக்கு எதிரான கலவரம் வெடித்தது. பிறகு தாய்லாந்து பௌத்தத்தை ஆராய்ந்து, கேம்பிரிட்ஜ், சிகாகோ, கடைசியில் ஹார்வர்டு. 1983 ஜூலைக்குப் பிறகு அவரால் சும்மா இருக்க முடியவில்லை. 1986-ல் ஒரு புத்தகம். 1992-ல் இன்னொன்று. தலைப்பின் பொருள், 'பௌத்தம் காட்டிக் கொடுக்கப்பட்டதா?' இலங்கையில் பெரிய எதிர்ப்பு கிளம்பி, புத்தகத்தைத் தடை செய்யும் அளவுக்குப் போனது.

வேடிக்கை என்னன்னா, அவர் பௌத்தத்தைத் திட்டவே இல்லை. தன் ஆய்வு வாழ்க்கையில் பெரும்பகுதியை அந்த மதத்துக்குக் கொடுத்தவர். அவர் கேட்டது, அகிம்சை சொல்லும் ஒரு மதத்தைச் சேர்ந்த பிக்குகள் எப்படி, எந்த அரசியல் வழியாக, 20-ம் நூற்றாண்டில் வன்முறைக்குத் துணை போனார்கள் என்பதுதான். தலைப்பின் கடைசியில் இருந்த கேள்விக்குறியைத்தான் யாரும் பார்க்கவில்லை.

சிங்களவர்கள் பக்கத்திலிருந்தும் குரல்கள் வந்தன. இதைச் சொல்லாமல் விட்டால் நியாயம் இல்லை. கணநாத் ஒபயசேகர துட்டகைமுனுவின் அந்த உறுத்தலையே எடுத்து ஆராய்ந்தார். அரகந்தர் சொன்ன சமாதானத்தைவிட, சமாதானம் தேவைப்பட்டது என்பதுதான் முக்கியம் என்று அவர் வழியாகத்தான் எனக்குப் புரிந்தது. மகாவம்சத்துக்கு முந்தைய தீபவம்சம் துட்டகைமுனுவைச் சில வரிகளில் முடித்துவிடுகிறது. பிந்தைய நூலாசிரியர்தான் அவனை மாவீரனாக்கினார். ஆக்கும்போது கூடவே அந்த மனசாட்சியையும் எழுத வேண்டி வந்தது. எச்.எல். செனவிரத்ன 1999-ல் நவீன பிக்குகளின் அரசியலைப் பற்றி எழுதிய புத்தகம் இன்னும் காட்டமானது.

இதெல்லாம் படித்துவிட்டு ஒரு தமிழனா "பாத்தியா, அவங்க மதமே அப்படித்தான்" என்று சொல்லிட்டு புத்தகத்தை மூடிவிடலாம். ரொம்ப சுலபம். நிறைய பேர் அதைத்தான் செய்றாங்க. அதனால்தான் அடுத்த பகுதி.

*

எண்ணாயிரம்

நெய்வேலியைச் சுற்றி ஒரு வட்டம் போடுங்க. ஒரு பக்கம் பண்ருட்டிக்கு அருகில் திருவதிகை. இன்னொரு பக்கம் கடலூரில் திருப்பாதிரிப்புலியூர். தெற்கே சிதம்பரம். எல்லாம் நம்ம டவுன்ஷிப்பில் இருந்து பஸ் ஏறினா போய்ச் சேர்கிற ஊர்கள்தான்.

திருப்பாதிரிப்புலியூரின் பழைய பெயர் பாடலிபுத்திரம். பெரிய சமணப் பள்ளி இருந்த இடம். கி.பி. 458-ல் சர்வநந்தி என்ற சமண முனிவர் லோகவிபாகம் என்ற நூலை எழுதி முடித்தது இங்கேதான். அப்பர் சமணத்தில் தருமசேனராக இருந்ததும் இந்தப் பள்ளியில்தான். திருவதிகையில் சூலை நோய் நீங்கி அவர் சைவத்துக்குத் திரும்பினார். சுண்ணாம்புக் காளவாய், நஞ்சு, யானை, கடைசியில் கல்லில் கட்டிக் கடலில் போட்டது, இதெல்லாம் சமணர் பேச்சைக் கேட்டுப் பல்லவன் செய்தது என்கிறது பெரியபுராணம். பிறகு அரசன் சைவனாகி, பாடலிபுத்திரத்துச் சமணப் பள்ளியை இடித்து, அந்தக் கற்களைக் கொண்டு வந்து திருவதிகையில் குணபரவீச்சரம் கட்டினான் என்றும் அதுவே சொல்கிறது. இந்த மொத்தப் புராணமும் பாடி முடித்து அரங்கேறிய ஊர் சிதம்பரம்.

அதே புராணத்தில் மதுரைக் கதை. சம்பந்தர் தங்கியிருந்த மடத்துக்குச் சமணர்கள் தீ வைக்கிறார்கள். அனல் வாதம், புனல் வாதம். சமணர் தோற்கிறார்கள். எண்ணாயிரம் பேர் கழுவேற்றப்படுகிறார்கள்.

இது நடந்ததா? வரலாற்று ஆய்வாளர்களில் பலர் நம்புவதில்லை. சம்பந்தர் 7-ம் நூற்றாண்டு, சேக்கிழார் 12-ம் நூற்றாண்டு. நடுவில் ஐந்நூறு வருஷம். சம்பந்தர் சமணரைக் கடுமையாகத் தாக்கிப் பாடியிருக்கிறார், ஆனால் கழுவேற்றம் அவர் பாட்டில் இல்லை. நம்பியாண்டார் நம்பி காலத்தில்தான் அது எழுத்துக்கு வருகிறது. நீலகண்ட சாஸ்திரி இதை வரலாறாக ஏற்கவில்லை. மதுரை பக்கம் கீழக்குயில்குடி சமணர் மலையில் 9, 10-ம் நூற்றாண்டு வட்டெழுத்துக் கல்வெட்டுகள் இருக்கின்றன. அதாவது சம்பந்தருக்குப் பிறகும் முன்னூறு வருஷம் அங்கே சமணம் இருந்திருக்கு. எண்ணாயிரம் என்பது எண்ணிக்கையா, ஒரு கூட்டத்தின் பெயரா என்ற வாதமும் உண்டு. விழுப்புரம் பக்கம் அந்தப் பெயரிலேயே ஊர் இருக்கு. தமிழ்ச் சமணர்கள் இன்றும் இருக்கிறார்கள், அவர்களுடைய மடம் மேல்சித்தாமூரில் இருக்கு.

ஆகவே 'தமிழ்நாட்டில் நடந்த இனப்படுகொலை' என்று தலைப்பு போட்டு ஹிட்ஸ் வாங்க என்னால் முடியாது. ஆதாரம் அந்த அளவுக்கு இல்லை.

ஆனா எனக்கு உறுத்துவது வேறு. நடக்காத ஒன்றை நடந்ததாகப் பெருமையோடு சொல்லிக்கிட்டோமே, ஏன்? கோயில் சுவர்களில் ஓவியமா வரைந்து வைத்தோமே, ஏன்? நடந்திருந்தால் அது ஒரு அரசனின் குற்றம். நடக்கவில்லை என்றால், கதையாவது வேண்டும் என்று ஆசைப்பட்டது ஒரு சமூகம்.

சேக்கிழார் இதை எப்படி எழுதுகிறார் என்று பார்த்தால் இன்னும் சுவாரஸ்யம். பொறுப்பை எவ்வளவு கவனமாகப் பங்கு போடுகிறார்! தோற்றால் கழுவேறுவோம் என்று சபதம் செய்தவர்கள் சமணர்களே. தண்டிக்கச் சொன்னது அரசன். நிறைவேற்றியது அமைச்சர் குலச்சிறையார். சம்பந்தருக்குத் தனிப்பட்ட பகை எதுவும் இல்லை. ஆனாலும் மடத்துக்குத் தீ வைத்தவர்கள் என்பதால் அரசன் செய்ததைத் தடுக்காமல் இருந்தார். இதுதான் அவர் சொல்வதன் சாரம். 'தடுக்காமல் இருந்தார்' என்பதற்கு ஒரு விளக்கம் கொடுக்க வேண்டும் என்று அவருக்குத் தோன்றியிருக்கு பாருங்க, அங்கே ஒரு உறுத்தல் தெரிகிறது. துட்டகைமுனுவுக்கு வந்த அதே உறுத்தல். எட்டு அரகந்தர்கள் செய்த வேலையை இங்கே கவிஞரே செய்கிறார்.

இப்போ ரெண்டு புத்தகத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைங்க. ஒரு கன்றுக்காக மகனைக் கொன்ற எல்லாளன் மகாவம்சத்தில் இருக்கான். ஒன்றரை மனிதர் கணக்கும் அதே புத்தகத்தில் இருக்கு. ஒரு கன்றுக்காக மகனைத் தேர்க்காலில் இட்ட சோழன் பெரியபுராணத்தில் இருக்கான். எண்ணாயிரம் பேர் கழுவேறும்போது தடுக்காத ஞானக்குழந்தையும் அதே புத்தகத்தில் இருக்கார். அறவட்டத்துக்குள் பசுவும் கன்றும்கூட இருக்கின்றன. பக்கத்து மடத்துச் சாமியார் இல்லை.

இது பௌத்தத்துக்கும் சைவத்துக்கும் மட்டும் உள்ள வியாதி இல்லை. 1994-ல் ருவாண்டாவில் டுட்சி மக்கள் தேவாலயங்களுக்குள் அடைக்கலம் புகுந்து அங்கேயே கொல்லப்பட்டார்கள். நியாங்கே தேவாலயத்தை ஆட்கள் உள்ளே இருக்கும்போதே இடித்துத் தள்ளிய வழக்கில், அங்கே பங்குத் தந்தையாக இருந்த அத்தனாஸ் செரொம்பாவுக்கு ருவாண்டாவுக்கான சர்வதேசக் குற்றவியல் தீர்ப்பாயம் 2008-ல் மேல்முறையீட்டில் ஆயுள் தண்டனை கொடுத்தது. கொன்றவனும் செத்தவனும் ஒரே சபையில் அப்பம் வாங்கினவர்கள். 2017 மார்ச்சில் போப் பிரான்சிஸ் திருச்சபையின் பாவங்களுக்காக மன்னிப்பு வேண்டினார். வர 23 வருஷம் ஆச்சு, இருந்தாலும் வந்தது.

*

நாலு வகைக் குற்றம்

இனப்படுகொலை என்ற சொல்லை 1944-ல் உருவாக்கியவர் ரஃபேல் லெம்கின், போலந்து யூத வழக்கறிஞர். 1948 டிசம்பர் 9 அன்று ஐ.நா. அதைச் சட்டமாக ஏற்றது. ஒரு இன, மதக் கூட்டத்தை முழுசாகவோ பகுதியாகவோ அழிக்கும் 'நோக்கம்' இருக்கணும் என்பதுதான் அதன் மையம். எத்தனை பேர் செத்தார்கள் என்பது அதற்கு அடுத்துத்தான்.

ஆனா சட்டம் ஆட்களைத்தான் பிடிக்கும். ஒரு சமூகத்தை என்ன செய்வது? 1946-ல் கார்ல் யாஸ்பர்ஸ் என்ற ஜெர்மன் தத்துவ அறிஞர் தன் மக்களிடமே இதைப் பேசினார். மனைவி யூதர் என்பதால் நாஜிகளால் வேலை இழந்தவர். அவர் நாலாகப் பிரித்தார். சட்டத்தை மீறியவனுடைய குற்றம், அதை நீதிமன்றம் பார்க்கும். அரசியல் பொறுப்பு, தன் அரசு செய்ததற்கு ஒவ்வொரு குடிமகனும் சுமக்க வேண்டியது. அறம் சார்ந்த குற்றம், அவரவர் மனசாட்சிக்குத்தான் பதில். கடைசியாக, பக்கத்தில் அநியாயம் நடக்கும்போது நான் மட்டும் உயிரோடு இருந்தேனே என்ற குற்றம், அதைக் கடவுள் மட்டுமே விசாரிக்க முடியும். ஒரு இனம் முழுவதையும் கொலைகாரர்கள் என்று சொல்வது தவறு என்பதிலும் அவர் உறுதியா இருந்தார்.

இந்த நாலையும் நம்ம பக்கம் வைத்துப் பார்ப்போம்.

2009-ல் முள்ளிவாய்க்காலில் நடந்ததைப் பற்றி, கடைசிக் கட்டத்தில் 40,000 பொதுமக்கள் வரை கொல்லப்பட்டிருக்கலாம் என்று ஐ.நா. நிபுணர் குழு 2011-ல் சொன்னது. மன்னார் ஆயர் ராயப்பு ஜோசப் அதே ஆண்டு ஜனவரியில் அரசு ஆணைக்குழு முன் போய், அரசுக் கணக்குகளை வைத்தே 1,46,679 பேருக்கு என்ன ஆச்சு என்று கேட்டார். பதில் வரவில்லை. 2021 ஏப்ரல் 1-ல் அவர் காலமானார். இதற்குப் பொறுப்பு இலங்கை அரசுடையது. இதில் எனக்கு ஒரு சந்தேகமும் இல்லை.

அப்புறம் அரசியல் பொறுப்பு. 1987 அக்டோபர் 21, தீபாவளி நாள். யாழ்ப்பாணம் பெரியாஸ்பத்திரிக்குள் புகுந்து நோயாளி, டாக்டர், நர்ஸ் என்று சுட்டது இந்திய ராணுவம். நம்ம அரசு, நம்ம ஊர்க்காரங்க வரிப்பணம். யாஸ்பர்ஸ் கணக்குப்படி இதை இந்தியக் குடிமகன் எவனும் கை கழுவ முடியாது. நம்ம பள்ளிப் பாடத்தில் இது ஒரு வரிகூட இல்லை.

கடைசியா, சொல்லக் கஷ்டமான பகுதி. 1990 ஆகஸ்ட் 3, காத்தான்குடிப் பள்ளிவாசல்களில் தொழுதுகொண்டிருந்த நூற்றுக்கும் மேற்பட்ட முஸ்லிம்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். செய்தது புலிகள் என்பது உயிர் தப்பியவர்களின் சாட்சியம். அதே ஆண்டு அக்டோபரில் வடக்கிலிருந்து முஸ்லிம்கள் மொத்தப் பேரையும் புலிகள் வெளியேற்றினார்கள். யாழ்ப்பாணத்தில் அவர்களுக்குக் கிடைத்தது ரெண்டு மணி நேரம். தமிழ் பேசும் மக்கள்தான் அவர்களும். அறவட்டத்தை அன்று நாம் எங்கே வரைந்தோம்?

இதையெல்லாம் 2009-க்குச் சமமாகத் தராசில் வைக்கிறேன் என்று யாரும் சண்டைக்கு வர வேண்டாம். வைக்கவில்லை. ஒரு அரசு செய்ததற்கும் மற்றதற்கும் அளவிலும் தன்மையிலும் வித்தியாசம் உண்டு. ஆனா மனுநீதிக் கதையில் தேர்க்காலில் போனது எதிரி மகன் இல்லை. எதிரியின் மகனைத் தண்டிக்க ஆராய்ச்சி மணி தேவையே இல்லை.

அந்தக் கதையைப் படிப்பிலேயே செய்து காட்டினவர்கள் நம்மில் உண்டு. யாழ்ப்பாணப் பல்கலைக்கழகத்தில் உடற்கூறியல் துறைத் தலைவராக இருந்த ராஜினி திரணகம, நண்பர்கள் மூவரோடு சேர்ந்து எழுதிய புத்தகம் தமிழில் 'முறிந்த பனை'. இலங்கை அரசு, இந்திய ராணுவம், புலிகள், மற்ற இயக்கங்கள், யாரையும் விடவில்லை. கூடவே, இதையெல்லாம் பார்த்துக்கொண்டு பேசாமல் இருந்த யாழ்ப்பாணத்துச் சமூகத்தையும் விடவில்லை. 1989 செப்டம்பர் 21, சைக்கிளில் வீட்டுக்குத் திரும்பும்போது சுட்டுக் கொன்றார்கள். வயது 35. அவரோடு எழுதிய ராஜன் ஹூலும் ஸ்ரீதரனும் கணக்கு வாத்தியார்கள். தலைமறைவாக இருந்துகொண்டே வருஷக்கணக்கா சாவுகளை ஊர், பெயர், தேதியோடு பதிவு செய்தார்கள். ஒன்றரை என்று நிறுத்தாமல், எல்லாப் பக்கத்துச் சாவையும் ஒன்று, ரெண்டு, மூன்று என்று எண்ணின ஆட்கள்.

'முறிந்த பனை' படிக்காதவங்க தேடிப் படிங்க. படிச்சவங்க, திட்டுறதா இருந்தாலும் பின்னூட்டத்தில் வந்து திட்டுங்க. அனானியா வராம, பெயரோட வந்தா சந்தோஷம் :-)

டிஸ்கி: சைவத்தைத் தாக்கறியா, புலிகளைத் தாக்கறியா, பௌத்தத்துக்கு வக்காலத்தா என்று மூணு பக்கத்திலிருந்தும் கேள்வி வந்தா, பதிவு சரியாத்தான் வந்திருக்குன்னு எடுத்துக்குவேன்.